வந்த வழி கலையாமல்

என் வீட்டுக்காரர் இயற்பியல் வாத்தியார். நான் தமிழ் டீச்சர். அவர் பேசுவது எனக்குப் புரியாது, நான் பேசுவது அவர் காதில் ஏறாது, அதனால்தான் இந்தக் குடும்பம் சண்டையில்லாமல் ஓடுகிறது என்று மதினி கேலி பண்ணுவார். மதினி என்றால் என் வீட்டுக்காரரின் அக்கா. கல்யாணம் கட்டிக்கொள்ளாமல் எங்களோடேயே இருந்தவர். வேதக்கோயிலில் சின்னப் பிள்ளைகளுக்கு ஞானோபதேசப் பாடம் சொல்லிக் கொடுப்பார். மற்ற நேரமெல்லாம் எங்கள் வீடுதான் அவருக்கு உலகம். நாங்கள் இரண்டு பேரும் பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பிப் போன பிறகு எங்கள் மகனைத் தூக்கி வளர்த்தது அவர்தான். அவன் முதன்முதலில் பேசிய வார்த்தை அம்மா இல்லை, அத்தை. இதைச் சொல்லும்போது இன்றைக்கும் எனக்கு எரிச்சல் வருகிறது. வரட்டும்.

மகன் பத்தொன்பது வயதில் காய்ச்சலில் போய்விட்டான். ஒரு திங்கட்கிழமை காலேஜுக்குக் கிளம்பும்போது தலைவலி என்று படுத்தான். அந்த வாரம் முடிவதற்குள் நாகல் நகரில் எங்கள் வீட்டு வாசலில் பந்தல் போட்டுவிட்டார்கள். அதைப் பற்றி இதற்கு மேல் எழுத எனக்கு இஷ்டமில்லை. நான் எழுத உட்கார்ந்தது, அவன் போன பிறகு என் வீட்டுக்காரர் கெட்டியாகப் பிடித்துக்கொண்ட ஒரு கோட்பாட்டைப் பற்றி.

அடக்கம் முடிந்து சில மாதம் அவர் வாயே திறக்கவில்லை. ஒரு நாள் காலையில் தோசை சாப்பிட்டுக்கொண்டிருந்தவர், திடீரென்று, "என்ட்ரோபின்னா என்னன்னு தெரியுமா?" என்றார். எனக்கு எப்படித் தெரியும்? அவரே சொன்னார்.

"எல்லாம் தானா கலையும். தானா ஒழுங்குக்கு வராது. அம்புட்டுத்தான்."

"இதைப் படிக்கவா காலேஜுக்குப் போனீங்க? இந்த வீட்டைத் தெனமும் ஒதுங்க வைக்கிறவகிட்டக் கேட்டிருந்தா ஓசியிலேயே சொல்லியிருப்பேனே" என்றேன். மதினி சிரித்தார். பந்தல் பிரித்த பிறகு அந்த வீட்டில் கேட்ட முதல் சிரிப்பு அது.

அவர் சிரிக்கவில்லை. "கலையுற திசையைத்தான் நாம காலம்ங்கிறோம். இந்தப் பிரபஞ்சம் விரிஞ்சுக்கிட்டே போகுது. ஒரு நாள் நிக்கும். நின்னு சுருங்க ஆரம்பிக்கும். அன்னைக்குக் கலைஞ்சதெல்லாம் கூடும். ஒடஞ்ச டம்ளர் ஒட்டிக்கும், சிந்துன பால் சட்டிக்குள்ள ஏறும். காலம் பின்னால நடக்கும். பெரிய பெரிய ஆளுக இதைச் சொல்லிப் பாத்துட்டுக் கைவிட்டுட்டாங்க. கைவிட்டது தப்பு."

மதினிதான் கேட்டார். "அப்ப நம்ம பய?"

"அவனும்தான்க்கா. கல்லறையில நாம அழுதுக்கிட்டு நிப்போம். மண்ணு தானா மேல ஏறி நம்ம கைக்கு வரும். பெட்டியைத் தூக்கி வீட்டுக்குக் கொண்டாருவோம். அங்கேர்ந்து ஆஸ்பத்திரி. ரத்தத்துல கொறஞ்ச அணு கூடும். காய்ச்சல் எறங்கும். அந்தத் திங்கக்கெழம, தலைவலி விட்டுப்போயி எந்திரிச்சு நிப்பான்."

என் கையில் தோசைக் கரண்டி இருந்தது. தூக்கிச் சுவரில் எறிந்தேன். "பேசாமச் சாப்பிட்டு எந்திரிங்க" என்று கத்திவிட்டு அடுப்பங்கரைக்குள் போய்ச் சேலை முந்தானையை வாயில் திணித்துக்கொண்டு அழுதேன். கரண்டி பட்ட இடத்தில் சுண்ணாம்பு பெயர்ந்த தடம் இன்னும் இருக்கிறது.

அவர் அதோடு விட்டாரா? டீக்கடையில் பேசினார், கோயில் வாசலில் பேசினார், ரிட்டையர் ஆன பிறகு பேங்க்கில் பென்ஷன் வரிசையில் நின்றும் பேசினார். அவரோடு வேலை பார்த்த வாத்தியார்கள் முதலில் பாவம் பார்த்தார்கள், பிறகு கிண்டல் பண்ண ஆரம்பித்தார்கள். "சார், நம்ம ஊர்ல தின்ன பிரியாணி பூரா ஆடா எந்திரிச்சு நடந்தா பஸ் ஸ்டாண்டுக்குப் போக வழியிருக்குமா?" என்று ஒருத்தர் கேட்டாராம். இவர் ரொம்ப நிதானமாக, "இருக்கும் சார். எந்திரிக்கிற ஆடெல்லாம் அதது பட்டிக்குத்தான போகும்" என்றாராம். வீட்டுக்கு வந்து அதையும் என்னிடம் பெருமையாகச் சொன்னார். ஆத்தாடி, இந்த மனுஷனை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வேன் என்று இருந்தது.

பங்குச் சாமியார் ஒரு தடவை வீட்டுக்கு வந்தபோது நல்லபடியாகவே பேசினார். "உயிர்ப்புன்னு நாங்களும் அதைத்தானே சார் சொல்றோம்" என்றார். சாமியார் போன பிறகு, "அவர் சொல்றது போதாதாங்க உங்களுக்கு?" என்று கேட்டேன். "சாமியார் சொல்றதுக்கு நம்பிக்கை வேணும். எங்கிட்ட இப்ப அது இல்ல. இதுக்கு நம்பிக்கை வேணாம், தானா நடக்கும்" என்றார்.

பிறகு ஒரு நாள் அவர் சாப்பாட்டு மேஜையில் ஒரு கருவியைக் கொண்டுவந்து வைத்தார். ஒரு பெரிய கண்ணாடிக் குவளை, அதற்குள் ஒரு சின்னக் குவளை, நடு இடைவெளியில் கெட்டியான கிளிசரின். சின்னக் குவளையைத் திருக ஒரு கைப்பிடி. கிளிசரினுக்குள் சிவப்பு மை ஒரு சொட்டு விட்டார். கைப்பிடியை மெதுவாகச் சுற்றினார். சொட்டு இழுபட்டுக் கோடாகி, கோடு மங்கி, மை போன இடமே தெரியவில்லை. பிறகு அதே மெதுவில், அதே அளவு, எதிர்ப்பக்கம் சுற்றினார். எங்கிருந்தோ கோடு வந்தது. கோடு சுருங்கியது. கடைசியில் அந்தச் சிவப்புச் சொட்டு, விட்ட இடத்தில், விட்ட மாதிரியே நின்றது.

மதினி சிலுவை போட்டுக்கொண்டார். நானும் குனிந்து குவளைக்குள் எட்டிப் பார்த்தேன், பொய் சொல்லக் கூடாது.

அவர் மறுபடி சுற்றி மையை மறைத்தார். இந்தத் தடவை ஒரு விளக்குமாற்றுக் குச்சியை உள்ளே விட்டு லேசாக ஒரு கலக்கு. பிறகு எதிர்ப்பக்கம் சுற்றினார், சுற்றினார், சுற்றிக்கொண்டே இருந்தார். ஒன்றும் திரும்பி வரவில்லை. "பாத்தியா? வந்த வழி கலையாம இருந்தாத்தான் திரும்பும். நடுவுல எவனாவது கையை வச்சா முடிஞ்சுச்சு" என்றார்.

எங்களுக்கு வினை அந்தக் குச்சியில் ஆரம்பித்தது. மறுநாளே மகனுடைய அறைக்கு மாங்காப் பூட்டு ஒன்று வாங்கிப் பூட்டினார். கூட்டக் கூடாது, துடைக்கக் கூடாது, கொடியில் கிடக்கும் துண்டை எடுக்கக் கூடாது. நான் எத்தனையோ தடவை சண்டை போட்டேன். தூசி வாசற்படி தாண்டி வருகிறது, பல்லி முட்டை வைக்கிறது, என் பிள்ளை இருந்த அறையைக் குப்பையாகப் போட்டு வைக்க எனக்கு மனசு வரவில்லை என்று கெஞ்சியும் பார்த்தேன். சாவி, பூணூல் மாதிரி, அவர் கழுத்துக் கயிற்றிலேயே கிடந்தது. எப்போதாவது அவர் மட்டும் திறந்து, கதவுக்கு உள்ளே ஒரே இடத்தில் நின்று பார்த்துவிட்டு வருவார்.

கல்லறையிலும் அதே கதை. சிமெண்டு போட்டுக் கட்ட விடவில்லை. கல்லறைத் திருநாளுக்கு ஊரே சுண்ணாம்பு அடித்து, பூ மார்க்கெட்டையே தூக்கி வந்த மாதிரி சம்பங்கியும் செவந்தியும் குவித்து மெழுகுதிரி ஏற்றும். எங்கள் பிள்ளையின் மேட்டில் மட்டும் புல் முழங்கால் உயரம் நிற்கும். புல்லைப் பிடுங்கினால் மண் கலைந்துவிடுமாம். "பெத்த தாயி, ஒரு புல்லைப் பிடுங்க நாதியில்லாமப் போட்டு வச்சிருக்கா பாரு" என்று என் காதுபடவே பேசினார்கள். யாரிடம் போய் நான் கிளிசரினை விளக்குவது?

இந்தக் கோட்பாட்டை மனதார நம்பிய ஒரே ஆள் மதினி. தம்பி சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்பார். போன வருஷம் அவருக்கு நுரையீரலில் நீர் கோத்து, ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்குமாக அலைந்து, கடைசியில் வீடே போதும் என்று படுத்துக்கொண்டார். ஒரு மத்தியானம் நான் கஞ்சி கொடுத்துக்கொண்டிருக்கும்போது எங்கள் இரண்டு பேரையும் பக்கத்தில் கூப்பிட்டார்.

"என்னைய அவன் குழியிலேயே போட்டுருங்கப்பா. அவன் எந்திரிக்கயில அங்கிட்டு ஒரே இருட்டா இருக்கும். அவனுக்கு இருட்டுன்னா பயம். கூட ஆளு வேணும்" என்றார்.

நான் சரி மதினி என்றேன். என் வீட்டுக்காரர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு நின்றார். எனக்கு அப்போது மதினி மேல் பொறாமை வந்தது. நம்பாத கதையில் யார் எங்கே படுத்தால் என்ன? ஆனாலும் வந்தது. அவனுக்கு இருட்டென்றால் பயம் என்பது எனக்கும் தெரியும். கூடப் படுக்க வேண்டியவள் நான் அல்லவா?

அந்த வாரமே மதினி போய்விட்டார். விடியும்போது பார்த்தால் ஜெபமாலை கையில் இருக்கிறது, மூச்சு இல்லை. ஃப்ரீசர் பெட்டி வந்தது. சின்னாளப்பட்டியிலிருந்து என் கொழுந்தனார் வந்தார். சாயங்காலம் பூசை, அதன் பிறகு அடக்கம் என்று முடிவாயிற்று. பத்து மணிவாக்கில் கோயில் வேலைகளைப் பார்க்கும் கோயில்பிள்ளை வந்து, "சார், குழி எங்க வெட்டச் சொல்ல?" என்று கேட்டார். எங்கள் கல்லறைத் தோட்டத்தில் புது இடம் கிடையாது. குடும்பத்துக்கு ஒரு குழிதான். உள்ளே இருப்பவர் மண்ணோடு மண்ணாக வேண்டிய வருஷம் கழிந்திருந்தால் அதையே திறந்து, எலும்பைத் துணியில் கட்டி ஓரத்தில் வைத்துவிட்டு, அடுத்தவரை அதன் மேல் வைப்பார்கள். அந்த வருஷக் கணக்கு எங்களுக்கு முடிந்திருந்தது. எல்லா வீட்டிலும் நடப்பதுதான்.

என் வீட்டுக்காரர் கழுத்துச் சாவியைக் கையில் எடுத்தார். எழுந்து போய் மகனுடைய அறையைத் திறந்து, உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

கொழுந்தனார் போய்க் கூப்பிட்டார். உள்ளேயிருந்து குரல் மட்டும் வந்தது. "அக்காவை உங்க ஊருக்குக் கொண்டு போயிரு. அங்க எடம் இருக்குல்ல." கொழுந்தனார் என்னைப் பார்த்தார். அவருக்கு நான் மதினி. "மதினி, வேற வழியில்லைன்னா வண்டிக்குச் சொல்லிரட்டுமா? நேரம் போய்க்கிட்டு இருக்கு" என்றார். சொந்தக்காரர்கள் நாற்காலியைத் திருப்பிப் போட்டு வேடிக்கை பார்த்தார்கள்.

எனக்கு எங்கிருந்துதான் அந்த ஆங்காரம் வந்ததோ. நான் ஆயக்குடிப் பக்கத்துக்காரி. கட்டி வந்த நாளிலிருந்து அவரை 'ஏனுங்க' என்றுதான் கூப்பிடுவேன், இந்த ஊர்க்காரர்கள் அதைச் சொல்லிச் சிரிப்பார்கள். அன்றைக்கு அந்த 'ங்க' எங்கேயோ போய்விட்டது. கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனேன். தூசியில் அவர் எப்போதும் நிற்கும் இடத்தில் நின்றுகொண்டிருந்தார்.

"மதினி என்ன கேட்டாங்கன்னு காதுல விழுந்துச்சா இல்லையா?"

"விழுந்துச்சு."

"அப்புறம் என்ன?"

"குழியைத் தோண்டுனா அவன் கலைஞ்சிருவான். அப்புறம் எப்பவுமே வர மாட்டான்."

"நான் ஒண்ணு கேக்குறேன், வாத்தியாரா நின்னு பதில் சொல்லு. அன்னைக்கு எல்லாமே திரும்பும்னு சொன்னியா இல்லையா?"

"எல்லாமேதான்."

"ஒடஞ்ச டம்ளரு?"

"ஆமா."

"சிந்துன பாலு?"

"ஆமா."

"தோண்டுன குழி?"

அவர் குனிந்து காலடித் தூசியைப் பார்த்தார்.

"மம்பட்டி வெட்டுனதும் திரும்பும்ல? அவன் எலும்பை எடுத்து ஓரமா வச்ச கை, அதே எலும்பை எடுத்துப் பழைய எடத்துல வைக்கும்ல? நீ விட்டுக் கலக்குனியே ஒரு குச்சி, அந்தக் கலக்கும் திரும்பித்தான ஆகணும்? நீ கைப்பிடியை மட்டுந்தான் திருப்புன, குச்சியைத் திருப்பல. அதான் மை வரல. எல்லாமே திரும்புற அன்னைக்கு எது எதைக் கலைக்கும்? ஒண்ணு உன் கோட்பாடு பொய்யி, இல்லைன்னா இந்தப் பயம் பொய்யி. எதுன்னு நீயே சொல்லு."

நான் அதை நம்பிச் சொல்லவில்லை. மதினியைப் பொழுது சாயுமுன் அவர் கேட்ட இடத்தில் வைக்க வேண்டும், அதற்கு எந்தக் கதவு திறக்கிறதோ அதைத் தட்டினேன். விடாமல் இன்னொன்றும் சொன்னேன். "பீரோவுல கடைசியா வச்ச சேலைதான மொதல்ல கையில வருது? மதினி மேல இருந்தா மதினிதான் மொதல்ல எந்திரிப்பாங்க. அவன் எந்திரிக்கிறப்ப முழிச்சுக்கிட்டு நிக்க ஆளு இருக்கும்."

அவர் தலையை நிமிர்த்தினார். "இந்தக் குச்சி விசயம் எனக்குத் தோணவே இல்லையே" என்றார். பிறகு வெளியே வந்து கோயில்பிள்ளையிடம், "திறக்கச் சொல்லுங்க" என்றார்.

குழி திறக்கும்போது குடும்பத்தில் ஒருவர் நிற்க வேண்டும் என்பது எங்கள் வழக்கம். ஆம்பளைகள்தான் நிற்பார்கள். அவரும் கிளம்பி வந்தார். ஆனால் முதல் மம்பட்டி விழுந்ததுமே அந்தப் பக்கம் திரும்பி எங்கள் ஊர் மலைக்கோட்டையைப் பார்த்து நின்றுகொண்டார். நான் விளிம்புக்குப் போனேன். "நீங்க பாக்க வேணாம்மா" என்று குழி வெட்டுகிறவர் சொன்னார். "நான் பெத்தது, நான் பாக்குறேன்" என்றேன். பார்த்தேன். என்ன பார்த்தேன் என்று எழுத மாட்டேன். வெள்ளைத் துணியை நான்தான் விரித்துப் பிடித்தேன், முடிச்சும் நான்தான் போட்டேன். அவன் பிறந்தபோது தூக்கிய பாரம்கூட இல்லை. சாயங்காலம் பூசை முடிந்து மதினியை அதன் மேல் வைத்தார்கள். நானும் ஒரு பிடி மண் போட்டேன்.

அதற்கப்புறம் என் வீட்டுக்காரர் தெளிந்துவிட்டார் என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள். நேரத்துக்குச் சாப்பிட்டார், பூசைக்கு வந்தார், கல்லறைப் புல்லைக்கூட ஆள் விட்டுப் பிடுங்கினார். போன மாதம் ஒரு நாள் சாயங்காலம் நான் அடுப்பங்கரையில் மொச்சை உரித்துக்கொண்டிருந்தேன். அவர் எதிரே வந்து உட்கார்ந்து தானும் ஒரு கை எடுத்து உரிக்க ஆரம்பித்தார்.

"நீ சொன்னதைத்தான் நெனச்சுக்கிட்டே இருந்தேன். எல்லாமே திரும்பும். ஒண்ணு விடாம" என்றார். முகத்தில் சந்தோஷம் இருந்தது. அதைப் பார்த்து எத்தனை காலம் ஆயிற்று என்று எனக்கே தெரியவில்லை. சொல்லிக்கொண்டே போனார். அவன் காலேஜை விட்டு ஸ்கூலுக்கு வருவான். மீசை உள்ளே போகும். சைக்கிளிலிருந்து விழுந்து முழங்காலில் வாங்கிய தழும்பு காயமாகி, காயம் மறைந்து, வழவழவென்று ஆகும்.

எப்படியென்று தெரியவில்லை, நானும் சேர்ந்துகொண்டேன். "ஓட்டு மேல எறிஞ்ச பல்லு?" என்று கேட்டேன்.

"கைக்கு வந்து வாயில ஒட்டிக்கும்."

"கோயில்ல முதல்முதலா அப்பம் வாங்குன அன்னைக்கு, புது நன்மைக்குத் தைச்ச வெள்ளைச் சட்டை?"

"தைச்ச தையக்காரர்கிட்டயே துணியாப் போயிரும்."

"அத்தைங்கிற வார்த்தையை மறந்துருவான்ல?" என்றேன். அவர் வாய்விட்டுச் சிரித்தார். "அம்புட்டு வயித்தெரிச்சலாடி ஒனக்கு?" என்றார். நானும் சிரித்தேன். கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தேன். பிறகு அவன் நடையை மறந்தான், தவழ்ந்தான், குப்புற விழுந்தான், முகம் பார்த்துச் சிரிப்பதை மறந்தான். நாங்கள் ஆஸ்பத்திரிக்கு, அவன் பிறந்த வார்டுக்கு வந்து சேர்ந்தோம். அங்கே அவர் நின்றுவிட்டார்.

"அப்புறம்?" என்றேன்.

அவர் கையில் ஒரு மொச்சை இருந்தது. அதையே பார்த்துக்கொண்டிருந்தார். அது வரைக்கும் அவர் போய்ப் பார்த்ததே இல்லை என்று எனக்கு அப்போதுதான் புரிந்தது. இத்தனை வருஷமும் அவர் கல்லறையிலிருந்து மகனை வீடு வரைக்கும் கூட்டி வந்திருக்கிறார், அதற்கு மேல் போகவில்லை.

"அப்புறம் அவன் இல்ல" என்றார். "அப்புறம் நீயும் கழுத்துல கெடக்கிறதைக் கழட்டிக் குடுத்துட்டு ஆயக்குடிக்குப் பஸ் ஏறிருவ. நமக்கு அவனைத் தெரியவே தெரியாது." பிறகு எனக்குச் சொல்கிற மாதிரி இல்லாமல் சொன்னார். "அங்கிட்டிருந்து வந்தாலும் இங்கிட்டிருந்து போனாலும் அதே பத்தொம்பது வருசந்தான். ஒரு நாள்கூட அதிகமாக் கெடைக்கல."

எல்லாமே திரும்பும் என்று அந்த அறையில் நின்று அடித்துச் சொன்னவள் நான்தான். இரண்டு பேரும் மொச்சையை உரித்து முடித்தோம். வெஞ்சனம் வைத்தேன், சாப்பிட்டோம்.

மறுநாள் காலையில் அடுப்பு மேடையில் மாங்காப் பூட்டின் சாவி கிடந்தது. அவர் வாசலில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். தலையைத் தூக்காமலே, "கூட்டணும்னா கூட்டிக்க. இனி ஒண்ணுமில்ல" என்றார்.

விளக்குமாற்றை எடுத்துக்கொண்டு போனேன். எத்தனை வருஷச் சண்டை இது. கதவைத் திறந்தேன். கட்டில் மேல், மேஜை மேல், செருப்பு மேல், எல்லாவற்றின் மேலும் ஒரே மாதிரி தூசி. கொடியில் அந்தத் துண்டு, அவன் கடைசியாக உதறிப் போட்ட கோணலிலேயே கிடந்தது. குனிந்தேன். விளக்குமாறு தரையில் பட்டது. அதற்கு மேல் என் கை நகரவில்லை.

எனக்கு அந்தக் கோட்பாட்டில் அன்றும் நம்பிக்கையில்லை, இன்றும் இல்லை. கதவைச் சாத்திப் பூட்டிவிட்டு வந்தேன். சாவி இப்போது என் இடுப்பில் இருக்கிறது.